தீப்பெட்டி ஆபீஸும் டிமோ சால்மினென் வெளிச்சமும்: ஒரு டிவிடி செட் ரிவ்யூ

நல்ல படங்கள தேடி டிவிடியா போடுற அமெரிக்காவோட கிரைட்டீரியன் கம்பெனி எக்லிப்ஸ்னு ஒரு வரிசை போட்டாங்கல்ல, அதுல 12வது செட்டு இது, 2008ல வந்தது. ஃபின்லாந்து டைரக்டர் அகி கௌரிஸ்மாகி எடுத்த பாட்டாளி மக்கள் படம் மூணும் சேந்து ஒரே அட்டைப்பெட்டியில. 1986ல வந்த ஷேடோஸ் இன் பாரடைஸ், 1988ல வந்த ஏரியல், 1990ல வந்த தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள். மூணுக்கும் கேமராமேன் டிமோ சால்மினென். மூணுமே குட்டி படம், ஒண்ணு கூட 80 நிமிஷத்த தாண்டாது, ஒரு ஞாயித்துக்கிழமை மதியம் சாப்பிட்டு உக்காந்தா ராத்திரி டிஃபனுக்குள்ள மூணையும் முடிச்சிரலாம். நான் அப்படி முடிக்கல, ஒவ்வொண்ணையும் நாலு தடவைக்கு மேல பாத்துட்டேன், அதுல ஒரு படத்த எங்கம்மா கூட உக்காந்து பாத்தேன், அத பத்தி கீழ சொல்றேன்.

முதல்ல ஏன் வாங்கினேன்னு சொல்லிடுறேன். நான் கேமரா டிபார்ட்மென்ட்ல 11 வருஷமா இருக்கேன், சாலிகிராமத்துல ரூம், இப்போ ஃபோகஸ் புல்லர், அதாவது ஷாட் ஓடுறப்போ லென்ஸ்ல ஃபோகஸ் தப்பாம பாத்துக்கிற ஆளு. போன வருஷம் ஒரு படத்துல, குடிசை வீடு செட்டு, அம்மாவும் பையனும் கஞ்சி குடிக்கிற சீன், எங்க கேமராமேன் சார் ஜன்னல் வழியா புகைய விட்டு, வெளிச்சத்த மெத்துனு ஆக்குற பட்டர் பேப்பர் கட்டி ரொம்ப அழகா ஒரு வெளிச்சம் பண்ணாரு, மானிட்டர்ல பாத்த எல்லாருக்கும் கண்ணு கலங்கிருச்சு. எனக்கு மட்டும் உள்ளுக்குள்ள என்னமோ இடிச்சுது. நான் அந்த மாதிரி வீட்டுல வளந்தவன், எங்க வீட்டுல வெளிச்சம் அப்படி இருந்ததே இல்ல, ஒத்தை குண்டு பல்பு, செவுத்துல கறுப்பா நிழல், அவ்ளோதான். அத டீ பிரேக்ல ஒரு சீனியர் அசிஸ்டென்ட் அண்ணன்கிட்ட சொன்னேன். அவரு டக்குனு, தம்பி நீ டிமோ சால்மினென் ஒர்க் பாரு, உனக்கு பதில் அங்க இருக்குன்னு சொன்னாரு. அந்தப் பேர அன்னிக்குதான் முதல் தடவை கேக்குறேன்.

டிமோ சால்மினென் 1952ல ஃபின்லாந்து தலைநகர் ஹெல்சின்கியில பொறந்தவரு. 1983ல அகி கௌரிஸ்மாகி முதல் படம் எடுத்தப்போ, தஸ்தயேவ்ஸ்கியோட குற்றமும் தண்டனையும் நாவல ஹெல்சின்கிக்கு கொண்டுவந்து எடுத்தாரு, அதுக்கு கேமரா இவரு. அங்க புடிச்ச கைய 2023ல வந்த ஃபாலன் லீவ்ஸ் வரைக்கும் விடல, 40 வருஷம். நம்ம ஊர்ல ஒரு டைரக்டரும் கேமராமேனும் நாலு படம் சேந்து பண்ணாலே ஆச்சரியமா பேசுவோம், இங்க ஒரு ஆயுசே சேந்து ஓடியிருக்கு. அகியோட அண்ணன் மிகா கௌரிஸ்மாகிக்கும் இவரு படம் பண்ணியிருக்காரு, 1985ல வந்த ரோஸோ அதுல ஒண்ணு.

சரி, செட்டுக்கு வர்றேன். இங்க கடையில கிடைக்காது, நான் ஒரு ஆள்கிட்ட செகண்ட் ஹேண்ட்ல 2,200 ரூபா குடுத்து வாங்கினேன். கொரியர்ல வரும்போதே ஒரு டிஸ்க்கு கிளிப்புல இருந்து கழண்டு கவருக்குள்ள ஆடிக்கிட்டு இருந்துச்சு, வயிறு எரிஞ்சுபோச்சு, நல்லவேளை கீறல் மேலாப்புலதான், படம் நிக்காம ஓடுது. யார்கிட்ட வாங்கினாலும் டிஸ்க்கு பின்பக்கம் லைட்டுல சாய்ச்சு ஒரு போட்டோ கேட்டு வாங்கிட்டு அப்புறம் காசு அனுப்புங்க. இன்னொரு முக்கியமான விஷயம், இது அமெரிக்கா டிஸ்க்கு, ரீஜன் 1. நம்ம வீட்டு சாதா பிளேயர்ல போட்டா ஏத்துக்காது. நான் லேப்டாப்புக்கு தனியா வெளில சொருகுற டிரைவ் ஒண்ணு வாங்கி, அத டிவியில இணைச்சுதான் பாத்தேன். அந்த செலவையும் கணக்குல சேத்துக்கோங்க.

மெலிசான மூணு கேஸ், அதுக்கு மேல ஒரு அட்டை உறை. ஃபின்னிஷ் மோனோ ஆடியோ, இங்கிலீஷ் சப்டைட்டில், அட்டை உள்பக்கம் ஒரு சின்ன கட்டுரை. அதுக்கு மேல எதுவும் கிடையாது, பேட்டி இல்ல, கேமரா பத்தின விளக்கம் இல்ல, மேக்கிங் இல்ல. எக்லிப்ஸ் வரிசையே அப்படித்தான், படத்த மட்டும் சல்லிசா குடுக்கணும்னு ஆரம்பிச்ச வரிசை. ஆனா எனக்கு இதுல மனக்குறைதான், இவ்ளோ பெரிய ஒர்க் பண்ணின மனுஷன் எப்படி லைட் பண்ணாருன்னு ஒரு பத்து நிமிஷம் பேச வெச்சிருக்கலாம்.

பிக்சர் குவாலிட்டி பத்தி சொல்லணும்னா, டிவிடிக்கு ரொம்ப நல்லா இருக்கு. கலர் கெட்டுப்போகல, அதான் முக்கியம், இந்தப் படங்கள்ல கலர் போச்சுன்னா பாதி போச்சு. ஆனா என்கிட்ட இருக்கிறது 43 இன்ச் டிவி, வைட் ஷாட்ல கொஞ்சம் மழுங்குது, ஃபிலிம் கிரெயின், அதான் ஃபிலிம்ல இருக்கிற பொடிப்பொடி புள்ளி, தனித்தனியா தெரியாம மாவு மாதிரி ஆயிடுது. 55 இன்ச்சுக்கு மேல டிவி வெச்சிருக்கிறவங்களுக்கு இது பத்தாது. லேப்டாப்புல பாத்தா பளிச்சுனு இருக்கு.

இனிமே படம். ஷேடோஸ் இன் பாரடைஸ்ல குப்பை லாரி ஓட்டுற நிகாண்டர்னு ஒருத்தன், மட்டி பெல்லோன்பா நடிச்சிருக்காரு, சூப்பர்மார்க்கெட்ல பில் போடுற இலோனாவா கட்டி ஔட்டினென். ரெண்டு பேரும் அதிகமா பேச மாட்டாங்க, சிரிக்க மாட்டாங்க, காதலிக்கிறாங்க. குப்பை அள்ளுறவர நம்ம படத்துல எப்படி காட்டுவோம்? சோக மியூசிக்க போட்டு லோ ஆங்கிள்ல ஒரு ஸ்லோ மோஷன் வெப்போம். இதுல சால்மினென் கேமராவ ஒரு இடத்துல நிறுத்தி வெச்சுட்டு அவன் வேலைய பாக்க விடுறாரு. லாரி வருது, தொட்டிய தூக்குறான், கொட்டுறான், போறான். ஆள் போனதுக்கு அப்புறமும் ஷாட்டு ஒரு மூச்சு நேரம் அங்கயே நிக்குது. எனக்கு அந்த ஒரு மூச்சு நேரம்தான் மரியாதையா பட்டுச்சு.

வீட்டுக்குள்ள வந்தா வெறும் செவுரு, ஒரே கலர் பெயின்ட், ஒரு மேஜை, ஒரு லைட்டு. அந்த லைட்டு நேரா மூஞ்சியில அடிக்குது, துணி கட்டி மெத்துனு ஆக்கல, பின்னாடி செவுத்துல நிழல் கத்தி மாதிரி விழுது. எங்க செட்டுல அந்த நிழல் விழுந்துச்சுன்னா உடனே கட்டர் கொண்டா தெர்மாகோல் கொண்டான்னு சத்தம் வரும், அத அழிச்சாத்தான் அடுத்த வேலை. சால்மினென் அந்த நிழல அழிக்காம ஃப்ரேம்ல ஒரு ஆளு மாதிரி உக்கார வெச்சிருக்காரு. பழைய ஸ்டுடியோ காலத்து படங்கள்ல ஹீரோயினுக்கு குடுத்த வெளிச்சம் அது, அத எடுத்து பில் போடுற பொண்ணுக்கும் குப்பை அள்ளுறவனுக்கும் குடுக்கிறாரு. ஏழை வீடுன்னா மங்கலா இருக்கணும்னு யாரு சொன்னது? அந்தப் பொண்ணு முகம் அவ்ளோ தெளிவா தெரியுது, அவ அழுறாளா இல்லையான்னு நாமதான் தேடணும்.

ஏரியல் மூணுல கொஞ்சம் வேகமான படம். வடக்க லாப்லாந்துல சுரங்கம் மூடிடுது, டைஸ்டோ கசூரினென்ங்கிறவன் ஒரு பெரிய வெள்ளை கேடிலாக் கார எடுத்துட்டு தெக்க ஹெல்சின்கிக்கு கிளம்புறான், மேல கூரை திறந்தே கிடக்கு, அத எப்படி மூடுறதுன்னு அவனுக்கு தெரியாது, பனியில தலையில துணி கட்டிக்கிட்டு ஓட்டுறான். இதே 1988லதான் இங்க பி.சி.ஸ்ரீராம் சார் அக்னி நட்சத்திரம் பண்ணாரு, பின்னாடி இருந்து வெளிச்சம் வந்து ஃப்ரேமே எரியும், நாங்கெல்லாம் அத பாத்து கேமராவுக்கு வந்தவங்க. ரெண்டையும் ஒரே வாரத்துல பாத்தேன், ஒருத்தர் வெளிச்சத்த லென்ஸ் மேலயே அடிக்க விட்டாரு, இன்னொருத்தர் வெளிச்சத்த அளந்து அளந்து ஒரு முகத்துல வெச்சாரு, ரெண்டு பேருமே அவங்கவங்க ஊர்ல அதுக்கு முன்னாடி இருந்த பழக்கத்த ஒடைச்சவங்க. ஏரியல்ல கதை ஜெயில், கொள்ளை, கப்பல்னு எங்கெங்கயோ போகும், எனக்கு புடிச்சது கார் போற அந்த முதல் பகுதிதான்.

மூணாவது டிஸ்க்குதான் இந்த செட்டுக்கு நான் குடுத்த காசுக்கு மேல. தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள், தீப்பெட்டி ஃபேக்டரியில வேலை பாக்குற பொண்ணு கதை. எங்க ஊரு கோவில்பட்டி பக்கம். எங்கம்மா 19 வருஷம் தீப்பெட்டி ஆபீஸ்ல வேலை பாத்தாங்க. வெளியூர்காரங்களுக்கு புரியணும்னு சொல்றேன், எங்க பக்கம் ஃபேக்டரின்னு சொல்ல மாட்டோம், தீப்பெட்டி ஆபீஸுன்னுதான் சொல்லுவோம். கட்டை அடுக்குறது, பெட்டி ஒட்டுறது, குச்சி அடைக்கிறதுன்னு எல்லா வேலையும் அம்மா பாத்திருக்காங்க, குரோஸ் கணக்குல கூலி, ஒரு குரோஸுன்னா 144 பெட்டி. சிவகாசியில இருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922ல கல்கத்தாவுக்கு போய் தொழில் கத்துக்கிட்டு வந்து ஆரம்பிச்ச தொழில் இது, சுத்துபட்டு ஊருக்கெல்லாம் பரவி நூறு வருஷமா எங்க சனங்களுக்கு சோறு போடுது. 14 வருஷமா ஒரு ரூபாயாவே இருந்த தீப்பெட்டி 2021 டிசம்பர்லதான் ரெண்டு ரூபா ஆச்சு.

அம்மா கண்ணு ஆபரேஷனுக்காக என் ரூமுக்கு வந்து ஒரு மாசம் இருந்தாங்க, கட்டு பிரிச்சு கண்ணு நல்லா தெரிய ஆரம்பிச்சதும் ஒரு நாள் சாயங்காலம் இந்தப் படத்த போட்டேன். தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள் எப்படி ஆரம்பிக்குதுன்னா, ஒரு மரக்கட்டை. அத மெஷினு சுத்தி சுத்தி தோல் உரிக்கிற மாதிரி மெலிசா தகடா சீவுது, தகடு குச்சியாவுது, குச்சி ஆத்துல தண்ணி ஓடுற மாதிரி ஓடுது, பெட்டி வருது, பெட்டிக்குள்ள போகுது, பாக்கெட்டாவுது, லேபிள் ஒட்டுது. மூணு நிமிஷம் போல வெறும் மெஷினும் சத்தமும்தான், மனுஷங்களே இல்ல. அப்புறம் ரெண்டு கை வருது. லேபிள் ஒழுங்கா ஒட்டியிருக்கான்னு பாக்குற கை. அதுக்கு அப்புறம்தான் முகம், இரிஸ், அதே கட்டி ஔட்டினென்.

அம்மா சாஞ்சு உக்காந்திருந்தவங்க அந்தக் குச்சி ஓடுறப்போவே நிமிந்துட்டாங்க. "ஏய்யா, இத நிப்பாட்டு, திரும்ப போடு"ன்னாங்க. திரும்ப போட்டேன். மூணு தடவை போட்டேன். ஒவ்வொரு மெஷினுக்கும் "இது நாங்க கையால செய்யிறது, இதுக்கு பதினஞ்சு பேரு வேணும்"னு சொல்லிக்கிட்டே வந்தாங்க. அப்புறம் அந்தக் கை வந்தப்போ ஒண்ணும் சொல்லல, டிவி பக்கத்துல போய் உத்து பாத்துட்டு, "விரல் சுத்தமா இருக்கு, தீக்குச்சி மருந்து பக்கம் விட மாட்டாக போல"ன்னாங்க. நான் அந்த ஷாட்ட அதுக்கு முன்னாடி ரெண்டு தடவை பாத்திருக்கேன், லென்ஸ் என்ன, லைட்டு எங்க இருந்து வருதுன்னு நோட்டுல எழுதி வெச்சிருக்கேன், விரல நான் பாக்கவே இல்ல. அவ்ளோ தெளிவா ஃபோகஸ்ல அவ்ளோ நேரம் அந்த விரல வெச்சிருக்காரு சால்மினென், அது எனக்கு எங்கம்மா சொல்லித்தான் தெரியுது.

இந்தப் படத்துல ஆளுங்க பேசுற முதல் வார்த்தைக்கே பத்து நிமிஷத்துக்கு மேல ஆகும், அதுக்கு முன்னாடி வீட்டுல டிவி நியூஸ் ஓடுது, சீனாவுல தியானன்மென் சதுக்கத்துல 1989ல போராட்டத்த ராணுவம் ஒடுக்குனத காட்டுறாங்க, இரிஸோட அம்மாவும் மாற்றாந்தகப்பனும் மரம் மாதிரி உக்காந்து பாத்துக்கிட்டு இருக்காங்க, இரிஸ்தான் சமைக்கிறா, துணி தேய்க்கிறா, சம்பளத்த குடுக்கிறா. அதனால சப்டைட்டில் படிக்க வராத எங்கம்மாவுக்கு நான் மொத்தமா ஒரு இருவது வரிதான் சொல்லியிருப்பேன், மிச்சம் எல்லாம் அவங்களுக்கே புரிஞ்சுது. டான்ஸ் ஹால்ல பொண்ணுங்க வரிசையா செவுத்து ஓரமா உக்காந்திருப்பாங்க, ஒருத்தன் ஒருத்தனா வந்து ஒவ்வொருத்திய கூட்டிட்டு போவான், கடைசியா இரிஸ் மட்டும் உக்காந்திருப்பா. கேமரா கிட்ட போகாது, ஆடாது, அந்த அகலத்துலயே நிக்கும், காலியான இடம் அப்படியே தெரியும். இங்க நாம இருந்தா கண்டிப்பா ட்ராலி போட்டு மூஞ்சிக்கு போயிருப்போம். அம்மா அந்த இடத்துல என் பக்கம் திரும்பி, "பெரியத்தை இப்படித்தான் கல்யாண வீட்டுல உக்காந்திருக்கும்"னாங்க. பெரியத்தைக்கு கடைசி வரைக்கும் கல்யாணம் ஆகல. அத பத்தி எங்கம்மா எங்கிட்ட பேசினதே அன்னிக்குதான்.

படத்துல இரிஸ் தன் சம்பளத்துல இருந்து ஒரு கவுனு வாங்குறா, பூப்போட்டது, அந்தச் சாம்பலும் பச்சையுமா இருக்கிற உலகத்துல அந்த ஒரு துணிதான் பளீர்னு இருக்கு, அதுக்காக வீட்டுல அடி வாங்குறா. அதுக்கு அப்புறம் கதை எங்க போகுதுன்னு சொல்ல மாட்டேன், பயங்கரமா போகும், மனசு கனமா இருக்கிறப்போ பாக்காதீங்க. ஆனா படம் முடியிற வரைக்கும் கேமரா அவள பாத்து பரிதாபப்படவே இல்ல. அவ என்ன செய்யிறாளோ அத நேரா பாக்குது. குடிசை செட்டுல எனக்கு உள்ள இடிச்சது எதுன்னு இங்கதான் புரிஞ்சுது: அந்தப் புகையும் மெத்துனு வெளிச்சமும் பாக்குறவங்களுக்காக வெச்சது, அந்தக் கஞ்சி குடிக்கிற அம்மாவுக்காக வெச்சது இல்ல.

இந்த மூணோட நிறுத்தினா சால்மினென் பத்தி பாதிதான் தெரியும், இவருக்கு இதே ஸ்டைல்தான் வரும்னு நெனச்சிடுவீங்க. அதே ஆளு 1992ல லா வி டி போஹெம் படத்துல பாரிஸ் பக்கம் பிளாக் அண்ட் ஒயிட்ல வேலை பாத்தாரு. 1999ல யுஹா, அது பேசாத படம், நெஜமாவே வசனம் இல்லாம எழுத்து அட்டை போட்டு கதை சொல்ற படம், 1911ல யுஹானி அஹோ எழுதின நாவல், 20ம் நூற்றாண்டு முடியிற நேரத்துல மௌனப்படத்துக்கு லைட் பண்ணியிருக்காரு. 2002ல தி மேன் விதவுட் எ பாஸ்ட், துறைமுகம் பக்கம் கன்டெய்னர்ல குடியிருக்கிற சனங்க, இங்க கலர் எல்லாம் இன்னும் கனிஞ்சு வந்திருக்கும், கேன்ஸ் திரைப்பட விழாவுல கிராண்ட் பிரீங்கிற பெரிய விருது வாங்குச்சு, கட்டி ஔட்டினெனுக்கு சிறந்த நடிகை விருதும் கிடைச்சுது.

எனக்கு வாயடைச்சுப்போனது 2014ல வந்த ஹௌஹா. இது கௌரிஸ்மாகி படம் இல்ல, அர்ஜென்டினா டைரக்டர் லிசாண்ட்ரோ அலோன்சோ எடுத்தது, நடிகர் விகோ மார்டென்சென் ஒரு டேனிஷ் கேப்டனா, அர்ஜென்டினாவுக்கு தெக்க இருக்கிற படகோனியா பொட்டல்ல மகளத் தேடி அலையிறாரு. செவுரு, மேஜை, ஒத்தை லைட்டுன்னு இருந்த மனுஷன் இங்க வானத்துக்கும் புல்லுக்கும் பாறைக்கும் நடுவுல நிக்கிறாரு. ஃப்ரேம் பழைய சதுர டிவி மாதிரி நாலுக்கு மூணு, அதுலயும் நாலு மூலையும் வளைச்சு விட்டிருக்கு, தாத்தா காலத்து போட்டோ மாதிரி. பச்சையும் நீலமும் அப்படியே பெயின்ட் டப்பாவுல முக்கி எடுத்த மாதிரி. வெட்டவெளியில நிக்கிற ஆளுக்கும் செட்டுல வைக்கிற மாதிரி லைட்டு வெச்சிருக்காரு, அது பொய்யாவும் தெரியல, நெஜமாவும் தெரியல, கனவு மாதிரி இருக்கு. நான் பாத்த அளவுக்கு, ஹெல்சின்கி அடுக்களையில அவரு கத்துக்கிட்டத படகோனியாவுக்கு தூக்கிட்டு போயிருக்காரு, முறைய மாத்தல, இடத்த மாத்தியிருக்காரு.

அப்புறம் ஃபாலன் லீவ்ஸ், 2023, கேன்ஸ்ல ஜூரி பிரைஸ். டிஜிட்டல் காலத்துல 35 எம்எம் ஃபிலிம்ல எடுத்தது. அன்ஸா சூப்பர்மார்க்கெட்ல வேலை பாக்குறா, ஹோலப்பா கூலி வேலை, குடி. வீட்டுல பழைய ரேடியோ, அதுல உக்ரைன் போர் நியூஸ். ஷேடோஸ் இன் பாரடைஸ பாத்துட்டு உடனே இத பாருங்க, நடுவுல 37 வருஷம் இருக்கு, செவுத்துல விழுற நிழல் அதே இடத்துல இருக்கு, ஆனா முகத்துல வெளிச்சம் கொஞ்சம் இளகியிருக்கும். வயசான கைன்னு நெனச்சுக்கிட்டேன்.

அப்போ யாரு வாங்கலாம்? கேமரா, லைட்டிங், ஆர்ட் டிபார்ட்மென்ட்ல இருக்கிறவங்க கண்ண மூடிட்டு வாங்குங்க, ரெண்டு பேரா காசு போட்டாவது வாங்குங்க. குறிப்பா பேபி லைட்டுன்னு சொல்ற சின்ன லைட்டு ரெண்டு மட்டும் கையில வெச்சுக்கிட்டு ஷார்ட் ஃபிலிம் எடுக்கிற பசங்க, உங்களுக்கு இது பாடப்புத்தகம், பெரிய யூனிட் இல்லாம என்ன பண்ணலாம்னு ஒவ்வொரு ஷாட்லயும் இருக்கு. ஒரு தடவை கதைக்காக பாருங்க, ரெண்டாவது தடவை சத்தத்த மியூட் பண்ணிட்டு நிழல மட்டும் பாருங்க. படம் பாக்க மட்டும் ஆசைப்படுறவங்க, டிரைவ் ரீஜன் தொல்லையெல்லாம் வேணாம்னா, டிசம்பர்ல நம்ம சென்னை சர்வதேச திரைப்பட விழாவுக்கு பாஸ் எடுத்து ஃபின்லாந்து படம் ஏதாவது போடுறாங்களான்னு பாருங்க, பெரிய திரையில பாக்குறது வேற சுகம்.

எங்கம்மா ஊருக்கு போறப்போ அந்த மூணாவது டிஸ்க்க கேட்டாங்க. அங்க இருக்கிற பிளேயர்ல ஓடாதும்மான்னு சொன்னேன். பொங்கலுக்கு லேப்டாப்பையும் டிரைவையும் எடுத்துட்டு வர சொல்லியிருக்காங்க, கூட வேலை பாத்த நாலு பேருகிட்ட இப்பவே சொல்லியும் வெச்சிட்டாங்களாம், முழுப்படம் வேணாமாம், மெஷினு ஓடுற இடமும் அந்தக் கையும் மட்டும் போட்டா போதுமாம்.